ஒரே பள்ளியில் ஒன்பது நோபல்: பிராங்ஸ் சயன்ஸ் பட்டியலை எப்படிப் படிப்பது?

நியூயார்க் நகரின் பிராங்ஸ் பகுதியில் ஒரு அரசுப் பள்ளி இருக்கிறது. முழுப்பெயர் பிராங்ஸ் ஹை ஸ்கூல் ஆஃப் சயன்ஸ், எல்லோரும் சுருக்கமாக பிராங்ஸ் சயன்ஸ் என்பார்கள். நகர நிர்வாகம் நடத்தும் பள்ளி, கட்டணம் கிடையாது. 1938-இல் தொடங்கிய இந்தப் பள்ளியில் படித்தவர்களில் இதுவரை ஒன்பது பேர் நோபல் பரிசு வாங்கியிருக்கிறார்கள், அதில் ஏழு பேர் இயற்பியலுக்கு. இந்தியக் குடிமகனாக இருந்து இயற்பியல் நோபல் வாங்கியவர் சி.வி. ராமன் ஒருவர்தான் என்பதோடு வைத்துப் பார்த்தால், ஒரு பள்ளிக்கு ஏழு என்பது எவ்வளவு பெரிய எண்ணிக்கை என்று தெரியும். அமெரிக்க இயற்பியல் கழகமே 2010-இல் இந்தப் பள்ளியை இயற்பியல் வரலாற்றில் முக்கியமான இடம் என்று அறிவித்தது.

பெயர்களைச் சொல்லிவிடுகிறேன். இயற்பியலில் லியான் கூப்பர் (1972), ஷெல்டன் கிளாஷோவும் ஸ்டீவன் வைன்பெர்க்கும் (1979), மெல்வின் ஷ்வார்ட்ஸ் (1988), ரஸ்ஸல் ஹல்ஸ் (1993), டேவிட் பொலிட்சர் (2004), ராய் கிளாபர் (2005). வேதியியலில் ராபர்ட் லெஃப்கோவிட்ஸ் (2012). பொருளாதாரத்தில் கிளாடியா கோல்டின் (2023).

இதைப் பார்த்தவுடன் எல்லோருக்கும் தோன்றுவது, அந்தப் பள்ளியில் அப்படி என்னதான் சொல்லிக்கொடுத்தார்கள் என்பதுதான். நியாயமான கேள்வி. ஆனால் இந்தப் பட்டியலைக் கொஞ்சம் உற்றுப் பார்த்தால் வேறொன்று கண்ணில் படும். பரிசு வாங்கிய ஆண்டுகள் 1972 முதல் 2023 வரை பரவிக் கிடந்தாலும், இந்த ஒன்பது பேரும் பள்ளியை முடித்தது 1941-க்கும் 1966-க்கும் இடைப்பட்ட 25 ஆண்டுகளுக்குள். பள்ளிக்கு இப்போது 80 வயதைத் தாண்டிவிட்டது. நோபல் பரிசு தாமதமாகத்தான் வரும் என்பது உண்மை. பொலிட்சர் 1973-இல் செய்த வேலைக்கு 2004-இல்தான் பரிசு வந்தது, கோல்டினுக்கு வந்தபோது அவருக்கு 77 வயது. ஆகவே பிறகு படித்தவர்களுக்கு இனிமேலும் வரலாம். இருந்தாலும் இப்படி ஒரு கால்நூற்றாண்டுக்குள் எல்லாம் குவிந்திருப்பதைப் பார்க்கும்போது, பாடத்திட்டத்தைத் தேடுவதற்கு முன்னால் அந்தக் காலத்தையும் அங்கே வந்து சேர்ந்த பிள்ளைகளையும் பார்க்க வேண்டும் என்றுதான் நான் சொல்வேன்.

1938 என்பது பெரும் பொருளாதார மந்தம் இன்னும் முடியாத காலம். மாரிஸ் மைஸ்டர் என்ற அறிவியல் ஆசிரியர்தான் முதல் தலைமையாசிரியர். பழைய கட்டடம் ஒன்றில், ஆண் பிள்ளைகளுக்கு மட்டும் என்று பள்ளி தொடங்கியது. அந்தக் காலத்து நியூயார்க்கில் உயர்நிலைப் பள்ளி ஆசிரியர் வேலை என்பது சாதாரண விஷயமில்லை. தனியார் வேலைகள் கொத்துக்கொத்தாகப் போய்க்கொண்டிருந்தபோது மாதாமாதம் சம்பளம் வரும் நகரப் பணி அது. பல்கலைக்கழகங்களில் இடமில்லாததால், அதிலும் யூதர்களுக்குப் பேராசிரியர் பதவி கொடுக்கப் பல இடங்களில் தயக்கம் இருந்ததால், வேறு காலமாக இருந்தால் கல்லூரியில் பாடம் எடுத்திருக்க வேண்டியவர்கள் பலர் பள்ளிகளுக்கு வந்தார்கள். பிராங்ஸ் சயன்ஸுக்கு மட்டும் கிடைத்த அதிர்ஷ்டமில்லை இது, நகரத்தின் பள்ளிகள் பலவற்றுக்கும் கிடைத்தது. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கீழே வேண்டியிருக்கும்.

பிள்ளைகள் யார்? பெரும்பாலும் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து கப்பலேறி வந்த யூதக் குடும்பங்களின் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள். கிளாஷோவின் அப்பா குழாய் வேலை செய்தவர், இன்றைய பெலாரஸில் உள்ள பாப்ரூய்ஸ்க் என்ற ஊரிலிருந்து வந்தவர். வைன்பெர்க்கின் அப்பா நீதிமன்றத்தில் சுருக்கெழுத்தர். வீட்டில் பணம் இல்லை, ஆனால் படிப்பின் மீது பெரிய நம்பிக்கை இருந்தது. அதே சமயம் ஹார்வர்டு, கொலம்பியா போன்ற பெரிய பல்கலைக்கழகங்கள் 1920-களிலிருந்தே யூத மாணவர்களின் எண்ணிக்கைக்கு வெளியே சொல்லியும் சொல்லாமலும் வரம்பு வைத்திருந்தன. குயின்ஸ் பகுதியில் வளர்ந்து, பின்னாளில் இயற்பியல் நோபல் வாங்கிய ரிச்சர்ட் ஃபெய்ன்மனுக்கே கொலம்பியாவில் இடம் கிடைக்காமல் போனது இந்த வரம்பால்தான். தனியார் பள்ளிக்குப் போகக் காசில்லை, ஒருசில கதவுகள் பிறப்பாலேயே மூடியிருக்கின்றன என்று ஆன ஒரு தலைமுறையின் மொத்தத் திறமையும் நகரத்தின் இலவசப் பள்ளிகளுக்குள்ளும் இலவசக் கல்லூரிகளுக்குள்ளும் வந்து நிரம்பியது. சிட்டி காலேஜ் 1976 வரை கட்டணம் வாங்கவில்லை. இன்றைய இணையத்துக்கு முன்னோடியான ஆர்ப்பாநெட்டில் முதல் செய்தி 1969-இல் போனதே, அதை அனுப்பிய ஆய்வகத்தை நடத்திய லியனார்ட் கிளைன்ராக் பிராங்ஸ் சயன்ஸில் 1951-இல் முடித்தவர். குடும்பத்துக்காகப் பகலில் வேலை பார்த்துவிட்டு, சிட்டி காலேஜில் மாலை வகுப்பில் பொறியியல் படித்தார்.

இப்போது 1950-ஆம் ஆண்டு முடித்த வகுப்புக்கு வருகிறேன். இந்த ஒரு வகுப்பைப் பற்றித் தெரிந்துகொண்டாலே பாதி விஷயம் புரிந்துவிடும்.

கிளாஷோவும் வைன்பெர்க்கும் ஒரே வகுப்பு. கூடவே ஜெரால்ட் ஃபெய்ன்பெர்க் என்று ஒரு நண்பர்; ஒளியைவிட வேகமாகச் செல்லும் துகள் இருக்க முடியுமா என்று 1967-இல் எழுதி, அந்தக் கற்பனைத் துகளுக்கு டேக்கியான் என்று பெயர் வைத்தவர் அவர்தான். இன்னொரு வகுப்புத் தோழர் டேனியல் கிரீன்பெர்கர், குவாண்டம் இயற்பியலில் மூன்று துகள்கள் பின்னிப் பிணைந்த ஒரு நிலைக்கு இன்றும் அவர் பெயரையும் சேர்த்துத்தான் சொல்கிறார்கள். நால்வரும் பதின்ம வயதில் ஒரே பள்ளியில். கிளாஷோ நோபல் குழுவுக்கு எழுதிக்கொடுத்த வாழ்க்கைக் குறிப்பில் இந்தக் காலத்தைப் பற்றி எழுதியிருக்கிறார். வீட்டுக்கும் பள்ளிக்கும் சுரங்க ரயிலில் போய்வரும்போது ஃபெய்ன்பெர்க்கும் வைன்பெர்க்கும் அவரும் ஒருவரை ஒருவர் தூண்டிவிட்டு இயற்பியல் கற்றுக்கொண்டார்களாம். கால்குலஸ் கற்றுக்கொடுத்தது யார்? கிரீன்பெர்கர். எங்கே? பள்ளியின் மதிய உணவுக் கூடத்தில். ஏனென்றால் அந்தப் பள்ளியிலேயே அப்போது கணிதப் பாடம் திண்ம வடிவியலோடு முடிந்துவிட்டது, கால்குலஸ் பாடத்திட்டத்தில் இல்லை.

கொஞ்சம் நின்று இதை யோசித்துப் பாருங்கள். அமெரிக்காவிலேயே பேர்போன அறிவியல் பள்ளி, ஆனால் இயற்பியலுக்கு மிக அடிப்படையான கணிதக் கருவியைப் பள்ளி சொல்லித் தரவில்லை. பையன்கள் தங்களுக்குள்ளேயே சொல்லிக்கொடுத்துக்கொண்டார்கள். பள்ளி செய்த பெரிய காரியம், இப்படிப்பட்ட நாலு பேரை ஒரே கூரையின் கீழ் கொண்டுவந்து சேர்த்ததுதான். பிராங்ஸில் ஒரு மூலை, மன்ஹாட்டனில் ஒரு மூலை என்று சிதறிக் கிடந்திருந்தால் ஒவ்வொருவரும் அவரவர் பள்ளியில் 'அந்தக் கணக்குப் பையன்' என்ற பெயரோடு தனியாக இருந்திருப்பார்கள். இங்கே வந்ததும் தன்னைவிடத் தெரிந்தவன் பக்கத்து இருக்கையில் இருக்கிறான். அந்த வயதில் அதற்கு இருக்கும் வேகம் எந்தப் பாடப்புத்தகத்துக்கும் வராது. கிளாஷோவுக்கு வீட்டிலும் ஆதரவு இருந்தது. 15 வயதில் வீட்டு நிலவறையில் சொந்தமாக ஒரு வேதியியல் ஆய்வகமே வைத்திருந்தார்.

அப்புறம் கிளாஷோவும் வைன்பெர்க்கும் சேர்ந்தே கார்னெல் பல்கலைக்கழகத்துக்குப் போனார்கள், பிறகு பாதை பிரிந்தது. 1961-இல் கிளாஷோவும் 1967-இல் வைன்பெர்க்கும் தனித்தனியே எழுதிய கட்டுரைகள், மின்காந்த விசையும் அணுக்கருச் சிதைவுக்குக் காரணமான மென்விசையும் அடிப்படையில் ஒன்றுதான் என்று காட்டும் கோட்பாட்டின் இரண்டு முக்கியக் கட்டங்கள். 1979-இல் பாகிஸ்தானின் அப்துஸ் சலாமோடு பரிசைப் பகிர்ந்துகொண்டார்கள். பஞ்சாபின் ஜங் என்ற சிற்றூரில் படித்து வந்தவர் சலாம். ஒரே மேடையில் நின்ற மூவரில் இருவர் ஒரே பள்ளி வகுப்பு, மூன்றாமவருக்கு அப்படி ஒரு பள்ளியே கிடையாது என்பதையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

மற்றவர்களைச் சுருக்கமாகச் சொல்கிறேன். கிளாபர் பள்ளியின் முதல் மாணவர் தொகுதியில், 1941-இல் முடித்தவர், 18 வயதிலேயே அணுகுண்டுத் திட்டத்துக்கு அழைக்கப்பட்டு லாஸ் அலமோஸ் போனார். ஒளியின் குவாண்டம் கோட்பாட்டுக்குப் பரிசு வந்தபோது வயது 80. கூப்பர் 1947-இல் முடித்தார், மின்தடையே இல்லாமல் மின்சாரத்தைக் கடத்தும் மீக்கடத்திகளில் எலக்ட்ரான்கள் ஜோடி சேர்வதை இன்றும் கூப்பர் ஜோடி என்றே சொல்கிறார்கள். ஷ்வார்ட்ஸ் 12 வயதில் இந்தப் பள்ளிக்கு வந்தபோதுதான் இயற்பியல் மீது ஆர்வம் வந்தது என்று அவரே எழுதியிருக்கிறார். நியூட்ரினோ என்ற துகளில் இரண்டு வகை உண்டு என்று 1962-இல் நிரூபித்த குழுவில் இருந்தவர். ஹல்ஸும் பொலிட்சரும் 1966-இல் முடித்தவர்கள். லெஃப்கோவிட்ஸ் 1959-இல், 16 வயதில் முடித்துவிட்டு மருத்துவம் பக்கம் போனார், உடலின் செல்கள் ஹார்மோன்களை எப்படி உணர்கின்றன என்ற ஆராய்ச்சிக்காக வேதியியல் பரிசு வாங்கினார்.

கோல்டினை மட்டும் தனியாகப் பேச வேண்டும். பள்ளி பெண்களைச் சேர்க்கத் தொடங்கியது 1946-இல். கோல்டின் பிராங்ஸில் பிறந்ததும் அதே 1946-இல். பள்ளி பழைய விதியிலேயே நின்றிருந்தால், பெண்களின் உழைப்பையும் ஊதியத்தையும் பற்றிய ஆராய்ச்சிக்காகப் பொருளாதார நோபலை யாரோடும் பகிராமல் வாங்கிய முதல் பெண் இந்தப் பட்டியலிலேயே வந்திருக்க மாட்டார். சரி, பிராங்ஸ் சயன்ஸ் வருவதற்கு முன்னால் பிராங்ஸின் கெட்டிக்காரப் பெண்கள் எங்கே படித்தார்கள்? வால்டன் ஹை ஸ்கூல் என்று ஒரு பெண்கள் பள்ளி இருந்தது. நுழைவுத் தேர்வு எதுவும் வைத்துப் பொறுக்கி எடுக்காத சாதாரணப் பள்ளி. அங்கே படித்த ரோசலின் யாலோ 1977-இலும் கெர்ட்ரூட் எலியன் 1988-இலும் மருத்துவ நோபல் வாங்கினார்கள். இருவரும் அங்கிருந்து கட்டணமில்லாத ஹன்டர் காலேஜுக்குப் போனவர்கள். இன்றைக்கு வால்டன் பள்ளி இல்லை, மூடப்பட்டுவிட்டது. இரண்டு நோபல் என்பது எந்தப் பள்ளிக்கும் சின்ன விஷயமில்லை, ஆனாலும் அந்தப் பெயரை யாரும் அதிகம் சொல்வதில்லை.

வால்டன் ஒரு விதிவிலக்கு என்று நினைத்தால், இன்னும் இருக்கிறது. குயின்ஸின் ஃபார் ராக்கவே பள்ளியில் படித்தவர்கள் ஃபெய்ன்மன், பரூக் பிளம்பெர்க், பர்ட்டன் ரிக்டர். புரூக்ளினின் ஜேம்ஸ் மேடிசன் பள்ளியில் ராபர்ட் சோலோ, கேரி பெக்கர், மார்ட்டின் பெர்ல், ஸ்டான்லி கோஹன். அதே புரூக்ளினின் ஆபிரகாம் லிங்கன் பள்ளியில் ஆர்தர் கோர்ன்பெர்க், பால் பெர்க், ஜெரோம் கார்ல். பத்துப் பேரும் நோபல் வாங்கியவர்கள், மூன்று பள்ளிகளும் அந்தந்தப் பகுதிப் பிள்ளைகளைச் சேர்த்துக்கொண்ட சாதாரண அரசுப் பள்ளிகள். பால் பெர்க் தன் வாழ்க்கைக் குறிப்பில் நன்றியோடு நினைப்பது, லிங்கன் பள்ளியில் ஆய்வகப் பொருட்கள் வைக்கும் அறையைப் பார்த்துக்கொண்ட ஒரு பெண்மணியை. பள்ளி முடிந்தபின் அவர் அறிவியல் மன்றம் நடத்தினார். பிள்ளைகள் கேள்வி கேட்டால் பதிலைச் சொல்லாமல், நீயே கண்டுபிடி என்று சோதனை செய்ய அனுப்புவாராம். மேலே நினைவில் வைக்கச் சொன்னது இதற்காகத்தான். நல்ல ஆசிரியர்களும் ஊழியர்களும் நகரம் முழுக்க இருந்தார்கள், திறமையான பிள்ளைகளும் நகரம் முழுக்க இருந்தார்கள்.

ஆக, பிராங்ஸ் சயன்ஸ் என்ற பள்ளியே எதையும் சேர்க்கவில்லையா? இதை அளந்து பார்த்தவர்கள் உண்டு. அப்துல்காதிரோக்லு, ஆங்க்ரிஸ்ட், பாதக் என்ற மூன்று பொருளாதார அறிஞர்கள் நியூயார்க், பாஸ்டன் நகரங்களின் நுழைவுத் தேர்வுப் பள்ளிகளை ஆராய்ந்து 2014-இல் வெளியிட்டார்கள் (ஆங்க்ரிஸ்ட் 2021-இல் பொருளாதார நோபல் வாங்கியவர்). அவர்கள் முறை எளிமையானது. கட்-ஆஃப் மதிப்பெண்ணுக்கு ஒன்றிரண்டு மதிப்பெண் மேலே இருந்து இடம் கிடைத்த பிள்ளைகளையும், ஒன்றிரண்டு கீழே இருந்து தவறவிட்ட பிள்ளைகளையும் ஒப்பிடுவது. இந்த இரண்டு கூட்டமும் திறமையில் ஏறக்குறைய ஒன்றுதான், வித்தியாசம் பள்ளி மட்டுமே. பிறகு வந்த தேர்வுகளில் இருவருக்கும் பெரிய வித்தியாசம் இல்லை என்பதுதான் அவர்கள் கண்டது. நாம் பள்ளியின் சாதனை என்று கொண்டாடுவதில் பெரும்பகுதி, உள்ளே வந்த பிள்ளைகள் வரும்போதே கொண்டுவந்தது.

இந்த முடிவை நான் ஏற்கிறேன், ஆனால் அதன் எல்லையையும் சொல்ல வேண்டும். கட்-ஆஃப் கோட்டுக்கு அருகில் உள்ளவர்களைப் பற்றித்தான் அது பேசுகிறது, அதிலும் தேர்வு மதிப்பெண்களை வைத்துத்தான் பெரும்பாலும் அளக்கிறது. உணவுக் கூடத்தில் கால்குலஸ் கற்றுக்கொள்ளும் பையனுக்குக் கிடைப்பது எந்த மதிப்பெண்ணிலும் வராது. அவனுக்குப் பள்ளி கொடுப்பது நண்பர்களை.

அறிவியலுக்கு வெளியே போனவர்களும் இதையேதான் காட்டுகிறார்கள். நாவலாசிரியர் ஈ.எல். டாக்டரோ 1948-இல் முடித்தவர்; சுற்றிலும் கணித மேதைகளாக இருந்த இடத்தில் மூச்சுமுட்டி, பள்ளி இலக்கிய இதழின் அறையில் அடைக்கலம் புகுந்தவர், முதல் கதையை வெளியிட்டதும் அந்த இதழில்தான். அறிவியல் புனைகதை எழுத்தாளர் சாமுவேல் டிலேனியும் கவிஞர் மேரிலின் ஹாக்கரும் அங்கே படிக்கும்போது சந்தித்தவர்கள், 1961-இல் திருமணம் செய்துகொண்டார்கள். வானியல் அறிஞர் நீல் டிகிராஸ் டைசன் 1976-இல் முடித்தவர், மல்யுத்த அணியின் தலைவராகவும் அறிவியல் இதழின் ஆசிரியராகவும் இருந்தார்.

ஸ்டோக்லி கார்மைக்கேலின் பெயரை அறிவியல் பட்டியல்கள் விட்டுவிடும், எனக்கு அது முக்கியமான பெயர். டிரினிடாடில் பிறந்து 11 வயதில் நியூயார்க் வந்தவர், 1960-இல் பிராங்ஸ் சயன்ஸை முடித்தார். அடுத்த ஆண்டே பேருந்துகளில் நிறப் பாகுபாட்டை எதிர்த்த பயணத்தில் சேர்ந்து மிசிசிப்பியின் கொடிய சிறை ஒன்றில் அடைக்கப்பட்டார். 1966-இல் 'பிளாக் பவர்' என்ற முழக்கத்தை நாடு முழுக்கக் கொண்டுபோனார். பள்ளியில் வெள்ளை நண்பர்களோடு, அதிலும் இடதுசாரிக் குடும்பத்துப் பிள்ளைகளோடு பழகியது அவருடைய அரசியல் படிப்பின் ஒரு பகுதி. அந்தப் பள்ளியில் கறுப்பின மாணவர்கள் மிகக் குறைவு என்பதை உள்ளே இருந்தே பார்த்தவர் அவர்.

அந்தக் குறை இன்றும் தீரவில்லை. 1971-இல் நியூயார்க் மாநிலம் ஒரு சட்டம் போட்டது: பிராங்ஸ் சயன்ஸ், ஸ்டைவசன்ட், புரூக்ளின் டெக் ஆகிய மூன்று பள்ளிகளிலும் நுழைவுத் தேர்வு மதிப்பெண் அடிப்படையில்தான் சேர்க்கை. ஒவ்வோர் ஆண்டும் 25,000-க்கும் மேற்பட்ட பிள்ளைகள் இந்தத் தேர்வை எழுதுகிறார்கள், இந்த மூன்றையும் சேர்த்து இதே தேர்வை வைத்துச் சேர்க்கும் எட்டுப் பள்ளிகளிலும் மொத்தம் ஏறக்குறைய 4,000 பேருக்கு இடம் கிடைக்கிறது. இன்று பிராங்ஸ் சயன்ஸில் பெரும்பான்மை ஆசியக் குடும்பங்களின் பிள்ளைகள், அதிலும் சீனா, வங்கதேசம் போன்ற நாடுகளிலிருந்து வந்த, பணவசதி குறைந்த வீட்டுப் பிள்ளைகள் நிறையப் பேர். கிளாஷோ வீட்டுக் கதை வேறு மொழிகளில் தொடர்கிறது. இன்னொரு பக்கம், 2019-இல் ஸ்டைவசன்ட் பள்ளி இடம் கொடுத்த 895 பேரில் கறுப்பினப் பிள்ளைகள் வெறும் 7 பேர். அப்போதைய மேயர் டி பிளாசியோ தேர்வையே எடுத்துவிட 2018-இல் முன்வைத்த திட்டம் மாநில சட்டமன்றத்தில் நிறைவேறவில்லை. ஆசியப் பெற்றோர்கள் கடுமையாக எதிர்த்தார்கள், அவர்கள் கோபத்திலும் நியாயம் இருந்தது: எங்களுக்கு இருக்கும் ஒரே நேர்வழி இது, அதையும் எடுத்துக்கொண்டால் எங்கே போவோம் என்பது. நுழைவுத் தேர்வு யாருக்கு வாசல், யாருக்குச் சுவர் என்ற சண்டை நமக்கும் நன்றாகப் பழக்கமானதுதான்.

இந்த விவாதத்தில் அதிகம் பேசப்படாத ஒரு விவரம் எனக்கு முக்கியமாகப் படுகிறது. 1980-களின் தொடக்கத்தில் புரூக்ளின் டெக் மாணவர்களில் ஏறக்குறைய பாதிப்பேர் கறுப்பினத்தவர். அப்போதும் நுழைவுத் தேர்வுதான், அதே சட்டம்தான். மாறியது தேர்வுக்கு முன்னால் உள்ள ஆண்டுகள். கறுப்பினக் குடும்பங்கள் வாழ்ந்த பகுதிகளின் நடுநிலைப் பள்ளிகளில் அப்போது திறமையான பிள்ளைகளுக்கென்று தனி வகுப்புகள் இருந்தன, கணிதத்தை வேகமாகச் சொல்லிக்கொடுத்தார்கள். காலப்போக்கில் அவற்றில் பல நிறுத்தப்பட்டன. அந்த இடத்தைப் பணம் கட்டிப் படிக்கும் பயிற்சி மையங்கள் பிடித்துக்கொண்டன. 13 வயதில் எழுதும் ஒரு தேர்வை வைக்கலாமா எடுக்கலாமா என்று வாதாடுவதைவிட, 10 வயதிலிருந்து 13 வயது வரை பிராங்ஸின் சாதாரணப் பள்ளிகளில் என்ன நடக்கிறது என்று பார்ப்பதுதான் அவசரம் என்று நான் நினைக்கிறேன். அந்த வகுப்புகளைத் திரும்பக் கொண்டுவர மாநிலச் சட்டத்தைத் திருத்த வேண்டியதில்லை. நகரக் கல்வித் துறை நினைத்தால் அடுத்த கல்வியாண்டிலேயே தொடங்கலாம்.